ஒரு தடவைதான் உள்ளே விடும்

என் வீட்டுக்காரரைப் பற்றி நல்லவிதமாக நாலு வார்த்தை சொல்லச் சொன்னால் நான் கொஞ்சம் யோசிக்க வேண்டியிருக்கும். கெட்டவிதமாக என்றால் யோசிக்கவே வேண்டாம். முன்கோபி. பிடித்த பிடியை விடமாட்டார். யார் என்ன சொன்னாலும் அதற்கு நேர் எதிராகச் செய்தால்தான் அவருக்குச் சாப்பாடு இறங்கும். தெருவில் எல்லோருக்கும் அவர் 'கண்ணாடி'. ஜன்னலுக்கும் அலமாரிக்கும் கண்ணாடி அறுத்துப் போட்டுத் தருவதுதான் தொழில்; படங்களுக்கு ஃப்ரேம் போட்டுக் கொடுப்பதும் உண்டு. அந்தப் பட்டப்பெயர் தொழிலைப் பார்த்து வைத்ததா, குணத்தைப் பார்த்து வைத்ததா என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

இதில் வேடிக்கை என்னவென்றால், அவருக்கு ரத்தம் உறையாத வியாதி. பிறவியிலேயே வந்தது. அடிபட்டால் நமக்கெல்லாம் ரத்தம் கொஞ்ச நேரத்தில் கட்டிக்கொள்கிறது அல்லவா, அதற்கு வேண்டிய ஒரு பொருளை நம் ஈரல் தயாரித்துக்கொண்டே இருக்கிறது. அதைத் தயாரிக்கிற முறை மரபணுவில் எழுதியிருக்கிறது. அவருக்கு அந்த எழுத்திலேயே பிழை. அம்மா வழியாக வருகிற பிழை இது. பெண்கள் சுமப்பார்கள், ஆண்கள் அனுபவிப்பார்கள். என் மாமியார் சுமந்தார், இவர் அனுபவித்தார். அடுத்து என் நாத்தனார் சுமந்தாள், அவள் மகன் அனுபவிக்கிறான்.

இப்படிப்பட்ட உடம்பை வைத்துக்கொண்டு ஒரு மனிதர் கண்ணாடி அறுக்கப் போவாரா? போனார். காரணம் அந்த நாத்தனார்தான். அவருக்கு மூத்தவள். மாமியார் வேலைக்குப் போய்விடுவதால் தம்பியைக் காவல் காக்கிற வேலை சின்ன வயதிலேயே அவள் தலையில் விழுந்தது. மேஜை முனைகளுக்கெல்லாம் பழைய துணி சுற்றுவாள். தம்பியின் முட்டிக்குத் தலையணைப் பஞ்சை வைத்துக் கட்டுவாள். மற்ற பிள்ளைகள் பந்தோடு வந்து கூப்பிட்டால் கதவைச் சாத்திவிட்டுக் கதவுக்கு இந்தப் பக்கம் நின்று திட்டுவாள். அவளுக்கும் பாவம், விளையாட்டே இல்லாமல் போயிற்று. அதற்கும் சேர்த்துத் தம்பியைத்தான் திட்டுவாள்.

படிப்பு முடிந்ததும் உட்கார்ந்த இடத்தில் செய்கிற வேலையாகப் பார் என்று குடும்பமே சொன்னது. இவர் நேராகக் கண்ணாடிக் கடைக்குப் போய்ச் சேர்ந்தார். நாத்தனார் கடைக்கே போய், "இவன் செத்தா நீயா பொறுப்பு?" என்று முதலாளியைப் பிடித்துக் கத்தினாள். முதலாளி மிரண்டுபோய் இவரை நிறுத்திவிட்டார். இவர் வீட்டுக்குப் போகாமல் கடைப் படியிலேயே உட்கார்ந்துகொண்டார். வருகிற வாடிக்கைக்காரர்களையெல்லாம் முறைத்துக்கொண்டிருந்தால் முதலாளி என்ன செய்வார், திரும்பச் சேர்த்துக்கொண்டார். பிற்பாடு அந்தக் கடையே இவர் கைக்கு வந்தது.

உண்மையில் கண்ணாடி அவரை ஒன்றும் செய்யவில்லை. கையைக் கீறினால் அழுத்திக் கட்டி, உடம்பில் இல்லாத அந்தப் பொருளை ஊசியாகப் போட்டால் நின்றுவிடும். அவரைக் கெடுத்தது உள்ளுக்குள்ளேயே கசிந்த ரத்தம். முட்டியில் கசியும், வீங்கும், வற்றும், மறுபடி கசியும். அப்படியே வலது முட்டி துருப்பிடித்த கீல் மாதிரி ஆகிவிட்டது. காலை இழுத்துக்கொண்டுதான் நடப்பார். அதைப் பார்த்து யாராவது இரக்கப்பட்டு விட்டால் அன்றைக்கு அவர்கள் தொலைந்தார்கள்.

நான் லாண்டரியில் இஸ்திரி போடுகிறவள். கல்யாணமான புதிதில் ஆஸ்பத்திரி நர்ஸிடம் ஊசி போடக் கற்றுக்கொண்டேன். முழங்கை மடிப்பில் நரம்பைத் தேடி, ஊசியை ஏற்றி, மருந்தை மெதுவாக விட வேண்டும். முடிகிற வரை திட்டிக்கொண்டே இருப்பார். "கோணி தைக்கிறியா? கையைப் பாத்துக் குத்துடி." நானும் சளைத்தவள் இல்லை. "பேசாம இருங்க, இல்லாட்டி நாக்குல குத்திடுவேன்" என்பேன். இப்படித்தான் எங்கள் குடித்தனம் நடந்தது. எனக்கு அவர்மேல் பிரியம் இல்லை என்று யாரும் நினைக்க வேண்டாம். பிரியம் உண்டு. அதை வெளியே காட்டினால் அவருக்குப் பிடிக்காது, அவ்வளவுதான்.

ஒரு நாள் ரத்த வியாதிகளைப் பார்க்கிற டாக்டரம்மா எங்களை உட்கார வைத்துப் புதிதாக ஒரு ஆராய்ச்சி வருகிறது என்றார். பிழையில்லாத மரபணுவை ஈரலுக்குள்ளேயே கொண்டுபோய் வைத்துவிடுவது. அப்படி வைத்துவிட்டால் ஈரலே அந்தப் பொருளைத் தயாரிக்கும், வாழ்நாள் முழுக்க ஊசி போட்டுக்கொள்ள வேண்டியதில்லை. ஆனால் மரபணு தானாக நடந்துபோய் செல்லுக்குள் நுழையாது. அதை யாராவது கொண்டுபோக வேண்டும். செல்லுக்குள் நுழைவதில் கைதேர்ந்தது வைரஸ். அதனால் ஒரு வைரஸைப் பிடித்து அனுப்புகிறார்களாம்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "வைரஸையா டாக்டர் உள்ள விடப் போறீங்க?"

"வைரஸோட கூடு மட்டும்தான்மா. உள்ள இருக்கறத எடுத்துட்டு நல்ல மரபணுவ வெச்சிருவோம். இது யாருக்கும் நோய் குடுக்கற வைரஸும் இல்ல."

 இவர் குறுக்கே புகுந்தார். "ஃப்ரேம் பழசு, படம் புதுசு. அவ்வளவுதானே?"

டாக்டரம்மாவுக்கு அது ரொம்பப் பிடித்துப்போயிற்று. அதற்குப் பிறகு வருகிற நோயாளிகளிடமெல்லாம் அப்படித்தான் சொன்னாராம். தன்னைக் கேட்காமல் தன் பேச்சை எடுத்துக்கொண்டார் என்று இவர் அதற்கும் கோபித்துக்கொண்டார்.

அந்த டாக்டரம்மாவை நான் எத்தனையோ திட்டியிருக்கிறேன். ஆனாலும் எதையும் மறைத்தார் என்று சொல்ல முடியாது. அன்றே பட்டென்று உடைத்துச் சொன்னார். முதல் குழுவில் சேருகிறவர்களுக்கு இருப்பதிலேயே குறைந்த அளவுதான் ஏற்றுவார்கள். ஆபத்து இருக்கிறதா என்று பார்ப்பதற்காக. அதில் வியாதி குணமாகும் என்று எதிர்பார்க்கக் கூடாது. அதைவிடப் பெரிய சங்கதி, நம் உடம்பு அந்தக் கூட்டை ஒரு தடவைதான் உள்ளே விடும். அதன் பிறகு அடையாளம் தெரிந்துகொண்டு, அடுத்த முறை வாசலிலேயே அடித்து விரட்டிவிடும். ஆகவே முதல் குழுவில் போகிறவர்களுக்கு, பின்னால் நல்ல அளவு தெரிந்த பிறகும், மறுபடி கொடுக்க முடியாது.

"அப்ப பின்னாடியே போங்க. என்ன அவசரம்?" என்றேன் நான். இதில் யோசிக்க என்ன இருக்கிறது?

நான் அப்படிச் சொன்னதாலேயே வீம்புக்கு முதல் குழுவில் சேருகிறார் என்றுதான் முதலில் நினைத்தேன். வீட்டில் அன்று நடந்த சண்டை பக்கத்து வீட்டுக்காரர்கள் வந்து கதவைத் தட்டுகிற அளவுக்குப் போயிற்று. "எல்லாரும் பின்னாடியே நிக்கிறேன்னா வரிசை எப்படிடி நகரும்?" என்று கேட்டார். "நகர வேண்டாம். நீங்க ஏன் நகர்த்தணும்?" என்றேன். அப்போதுதான் முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு சொன்னார்: "அவனுக்கு முட்டி இன்னும் கெடல. கெடறதுக்குள்ள இது தயாராயிடணும்."

அவன் என்றது அக்கா மகனை. எங்களுக்குப் பிள்ளை இல்லை. அவன் அப்பா வீடுகளுக்குப் பெயிண்ட் அடிக்கிறவர்; அவன் எங்கள் தெருவிலேயே செல்போன் ரிப்பேர் கடையில் வேலை பார்க்கிறவன். வேலை நேரத்தில் பாதி நேரம் மாமா கடையில்தான் இருப்பான். தனக்குக் கிடைக்கக்கூடிய ஒரே வாய்ப்பை அந்தப் பையனுக்காக இவர் தூக்கிப் போடப் போகிறார் என்று எனக்கு அப்போது புரிந்துவிட்டது. புரிந்ததும் கோபம் இன்னும் அதிகமானது.

ஆராய்ச்சிக்குக் குடும்பத்தில் இந்த வியாதி உள்ள எல்லோரிடமும் ரத்தம் வாங்கிக்கொண்டார்கள். பையனும் வந்து கொடுத்தான். பிறகு ஒரு பகல் முழுக்க இவரைக் கட்டிலில் படுக்க வைத்து, அந்த மருந்தைச் சொட்டுச் சொட்டாக ஏற்றினார்கள். அங்கே வேலை பார்க்கிற ஒரு பெண் வாய்க்கு வாய் இவரைத் 'தன்னார்வலர்' என்றாள். தன்னார்வலர் சாப்பிட்டாரா, தன்னார்வலருக்குத் தலை சுற்றுகிறதா. "ஆர்வமும் இல்ல ஒண்ணும் இல்ல. சீக்கிரம் ஏத்தி விடு, கடையைத் திறக்கணும்" என்று விழுந்தார் இவர். அவள் சிரித்தபடியே, "தன்னார்வலர் கோபப்படக் கூடாது, பிரஷர் ஏறும்" என்றாள். வேறு யாராவது இப்படிப் பேசியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்துப் பார்த்தேன். கையில் குழாய் இருந்ததால் பிழைத்தாள்.

வீட்டுக்கு அனுப்பும்போது ஒரு எச்சரிக்கை சொன்னார்கள். கொஞ்ச காலத்துக்கு எச்சிலிலும் சிறுநீரிலும் அந்தக் கூடு சிறிது வெளியே வரும், அதனால் யாருக்கும் ஒன்றும் வராது, இருந்தாலும் ஜாக்கிரதையாக இருங்கள் என்றார்கள். நான் தட்டு, டம்ளர் எல்லாம் தனியாக வைத்தேன். அதற்கும் சண்டைதான். "என்னை நாய் மாதிரி ஒதுக்கி வெக்கிறியா?" வீட்டில் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்துக்கொண்டேன். ஆனால் ஒரு மத்தியானம் சாப்பாடு கொண்டுபோனபோது, கடையில் பையன் மாமாவின் தண்ணீர்ப் பாட்டிலை வாயில் வைத்துக் கடகடவென்று குடித்துக்கொண்டிருந்தான்.

"அது மாமா குடிச்சதுடா!" என்று நான் கத்த, "மாமா குடிச்சா என்ன அத்தை, மாமா என்ன விஷமா?" என்று வாயைத் துடைத்துக்கொண்டான். "தண்ணிதானே குடிச்சான், விடுடி" என்றார் இவர். நானும் விட்டுவிட்டேன்.

மருந்தால் இவருக்கு என்ன பலன்? ஒன்றும் இல்லை என்றுதான் சொல்ல வேண்டும். பரிசோதனையில் ஏதோ துளி ஏறியிருக்கிறது என்றார்கள். அந்தத் துளி அவர் முட்டிக்குத் தெரியவில்லை. நான் பழையபடி ஊசி போட்டேன், அவர் பழையபடி திட்டினார். சில வருஷங்களில் அடுத்தடுத்த குழுக்களுக்கு அளவைக் கூட்டிக் கூட்டி, சரியான அளவைக் கண்டுபிடித்துவிட்டார்கள். பின்னால் சேர்ந்தவர்களுக்கு ஊசியே நின்றுவிட்டது. அதில் ஒருத்தன் ஆஸ்பத்திரி வாசலில் பஸ்ஸைப் பிடிக்க ஓடினான். ஓடினான்! இவர் நின்று அவன் முதுகையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு வயிறு எரிந்தது. அவனைச் சபிக்கக்கூடச் செய்தேன், மனதுக்குள்.

"பாரு, கழுதை மாதிரி ஓடுறான்" என்றார் இவர். சந்தோஷமாக இருக்கிறார் என்று அந்தக் குரலில் தெரிந்தது.

அப்புறம் பையன் முறை வந்தது. அவனுக்கு முட்டி இன்னும் நன்றாகத்தான் இருந்தது. மருந்து ஏற்றும் முன் ஒரு பரிசோதனை செய்வார்கள். அந்தக் கூட்டை உடம்புக்கு ஏற்கெனவே தெரியுமா என்று பார்ப்பதற்கு. இவர் அன்று கடையையே திறக்கவில்லை. வீட்டுக்குள் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் காலை இழுத்துக்கொண்டிருந்தார். பையன் போன் செய்தான். "மாமா, எனக்குக் குடுக்க மாட்டாங்களாம். அந்தக் கூடு என் உடம்புக்கு ஏற்கெனவே தெரியுமாம். நெறைய எதிர்ப்பு இருக்காம்."

அன்று சாயங்காலமே நாத்தனார் வந்து நின்றாள். அவள் பஸ் நிலையத்தில் ஒலிபெருக்கி அறிவிப்பாளர். எந்த பஸ் எங்கே நிற்கிறது என்று ஊருக்கே கேட்கும்படி சொல்லிச் சொல்லி, சாதாரணமாகப் பேசவே மறந்துபோனவள். வாசலில் செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

"நீதாண்டா குடுத்த! உன் உடம்புல வைரஸ ஏத்திக்கிட்டு வந்து என் பிள்ளைக்கு எச்சில் தண்ணியக் குடுத்திருக்க! அவனே சொன்னான், உன் பாட்டில்ல குடிச்சேன்னு. உனக்குத்தான் ஒண்ணும் விளங்கல. அவனுக்கும் விளங்கக் கூடாதா? சின்ன வயசுல இருந்து உன்னைப் பாத்துப் பாத்தே என் காலம் போச்சு. என் பிள்ளையையாவது விட்டு வெச்சியாடா நீ?"

நான் காத்திருந்தேன். இப்போது வெடிப்பார், அக்காளைப் படியிலிருந்து இறக்கிவிடுவார் என்று. அவர் வாயே திறக்கவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான்தான் நாலு வார்த்தை பதிலுக்குப் பேசி, "மொதல்ல வெளிய போங்க அண்ணி" என்று அனுப்பினேன். கதவைச் சாத்திவிட்டுத் திரும்பினால், "அவ சொல்றது நெசமா இருந்தா?" என்றார்.

அதற்குப் பிறகு அவரோடு இருந்த நாட்களைப் போல ஒரு நரகத்தை நான் பார்த்ததில்லை. திட்டவே இல்லை. ஊசி குத்தும்போது கையை நீட்டிவிட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருப்பார். வேண்டுமென்றே ஒரு தடவை வலிக்கிற மாதிரி குத்தினேன். "ம்" என்றார். கடையில் அளவு தப்பாக அறுத்து ஒரு பெரிய அலமாரிக் கண்ணாடியையே வீணாக்கினார். வாடிக்கைக்காரர் சத்தம் போட்டார், இவர் தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டார். பையனுக்காகத் தன் வாய்ப்பைக் கொடுத்தவர், பையனின் வாய்ப்பைத் தானே கெடுத்துவிட்டோம் என்று நம்பிவிட்டார். எனக்குப் பயமாக இருந்தது. நாத்தனாரைக் கொன்றுவிடலாம் போல இருந்தது.

கடைசியில் நானே பையனைக் கூப்பிட்டு, இரண்டு பேரையும் டாக்டரம்மா முன்னால் கொண்டுபோய் உட்கார வைத்தேன். "பாட்டில்ல குடிச்சதால இவனுக்கு இது வந்திருக்குமா, வராதா? நேராச் சொல்லுங்க" என்றேன்.

"வராதும்மா. அந்தக் கூட்டுக்குள்ள வைரஸோட சரக்கு எதுவும் இல்ல. அதால பெருகவே முடியாது. எச்சில்ல வர்ற துளியால இவ்வளவு எதிர்ப்பு வராது."

"என்னைச் சமாதானப்படுத்தறதுக்குச் சொல்றீங்க" என்றார் இவர். அத்தனை நாளில் அவர் பேசிய முழு வாக்கியம் அதுதான்.

 டாக்டரம்மா பையனைப் பார்த்து, "உங்க மாமாவுக்கு மருந்து ஏத்தறதுக்கு முன்னாடி உங்ககிட்ட ரத்தம் வாங்கினோமே, அது இன்னும் ஃப்ரீஸர்ல இருக்கு. நீங்க சரின்னா அதுல பாத்துடலாம்" என்றார். "பாருங்க" என்றான் பையன் உடனே.

பார்த்தார்கள். அதிலும் எதிர்ப்பு இருந்தது. மாமா உடம்பில் ஒரு சொட்டு மருந்து ஏறுவதற்கு முன்பே, பையனின் உடம்புக்கு அந்தக் கூடு தெரிந்திருக்கிறது. "இது ஊர்ல சுத்தற வைரஸ்தான். சின்ன வயசுல ஏதாவது சளி இருமலோட வந்துட்டுப் போயிருக்கும். வந்ததே தெரியாது. நிறையப் பேருக்கு இப்படி இருக்கு" என்றார் டாக்டரம்மா. வேறு கூடுகளை வைத்தும் முயற்சி செய்கிறார்கள், இவனுக்கு ஒத்துவருகிற மாதிரி ஒன்று வரலாம், எப்போது என்று சொல்ல முடியாது என்றும் சொன்னார்.

இவர் முகம் சிவந்தது. "ஃப்ரீஸர்லயே வெச்சிக்கிட்டு இருந்தீங்களா? அன்னிக்கே பாத்துச் சொல்றதுக்கு என்ன? இவன் இத்தனை வருஷம் கனவு கண்டுக்கிட்டு இருந்தானே. உங்க ஆராய்ச்சியில தீய வெக்க!" என்று மேஜையைத் தட்டினார்.  எனக்கு அந்தக் கத்தலைக் கேட்டுக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. மனிதர் திரும்பி வந்துவிட்டார்.

வெளியே வந்ததும் நான் போனை எடுத்தேன். "இப்பவே உங்க அக்காவைக் கூப்பிட்டு நாலு கேள்வி கேக்கறேன் பாருங்க."

"வேணாம்" என்றார்கள் இரண்டு பேரும் ஒரே நேரத்தில்.

"ஏன் வேணாம்?"

"அம்மாவுக்குச் சொல்ல வேணாம் அத்தை" என்றான் பையன். "மாமாவைத் திட்ட முடியறதாலதான் அம்மா சாப்பிடறாங்க, தூங்கறாங்க."

இவர் சொன்னார்: "இந்த வியாதிய இவனுக்குக் குடுத்தது தான்தான்னு அவளுக்கு ஏற்கெனவே ஒரு நெனப்பு. இதுவும் சின்ன வயசுல வந்ததுன்னு தெரிஞ்சா, எந்த இருமல், எந்தக் காய்ச்சல், அன்னிக்கு யார் வீட்டுக்குத் தூக்கிட்டுப் போனேன்னு உக்காந்து தோண்டிக்கிட்டே இருப்பா. பழி எம் மேல இருந்துட்டுப் போகட்டும். நான் பாக்காத திட்டா?"

எனக்கு வந்த ஆத்திரத்தை எப்படிச் சொல்வது? ஆம்பளைகள் இரண்டு பேரும் பேசி முடிவு செய்துவிட்டார்கள், பழியைச் சுமந்தவர் பெண்டாட்டிக்கு அதில் பேச்சில்லை. சரி என்று வாயை மூடிக்கொண்டேன். மூடினேனே தவிர, பூட்டவில்லை.

நாத்தனார் சும்மா இருந்தால்தானே. சொந்தக்காரர்கள் ஒருத்தர் விடாமல் போன் போட்டுச் சொன்னாள். பஸ் நிலையத்தில் டிரைவர்களிடம் சொன்னாள். ஒரு நாள் லாண்டரியில் துணி வாங்க வந்த ஒரு பெண், முன்பின் தெரியாதவள், என்னை உற்றுப் பார்த்து, "அக்கா பையனுக்கு வைரஸ் ஏத்தி விட்டவரோட வீட்டுக்காரம்மா நீங்கதானா?" என்று கேட்டாள். நான் இஸ்திரிப் பெட்டியை அணைத்து நிறுத்தி வைத்தேன். முதலாளியிடம் ஒரு வார்த்தை சொல்லாமல் நேராக பஸ் நிலையத்துக்குப் போனேன்.

அறிவிப்பு அறை ஒரு பெட்டி அளவுதான் இருக்கும். முன்னால் கண்ணாடி, கண்ணாடிக்கு வெளியே பஸ்கள். என்னைப் பார்த்ததும் நாத்தனார் கையை நீட்டி முதலில் மைக்கை அணைத்தாள். அந்த ஒழுங்கு மட்டும் அவளிடம் உண்டு. அணைத்துவிட்டு ஆரம்பித்தாள். "வந்துட்டியா? உன் புருஷன் அனுப்பினானா? மன்னிப்புக் கேக்க அவனுக்கு வாயில்லையா?"

"மன்னிப்பு நீங்க கேக்கணும் அண்ணி" என்று ஒரே மூச்சில் எல்லாவற்றையும் சொன்னேன். ஃப்ரீஸரில் இருந்த ரத்தம், அதில் பார்த்தது, டாக்டர் சொன்னது. உங்கள் தம்பி முதல் குழுவில் போனதே உங்கள் பையனுக்காகத்தான் என்பதையும் சொன்னேன். உங்களிடம் சொல்ல வேண்டாம் என்று உங்கள் மகனே தடுத்தான் என்பதையும் விடவில்லை. நம்பாவிட்டால் அவனுக்கே போன் போட்டுக் கேளுங்கள் என்று என் போனை அவள் முன்னால் வைத்தேன்.

அவள் போனைத் தொடவில்லை. நான் பொய் சொல்லவில்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. எத்தனை பெரிய உடம்பு அவளுக்கு, அப்படியே நாற்காலிக்குள் இறங்கிவிட்டாள். வெளியே ஒரு டிரைவர் கண்ணாடியைத் தட்டி, வண்டி கிளம்பப் போகிறது என்று கையைக் காட்டினான். அவள் அவனைப் பார்த்த மாதிரியே தெரியவில்லை.

"அப்ப நான் யாரைத் திட்டறது?" என்றாள்.

அவளிடம் அப்படி ஒரு குரல் இருக்கிறது என்று எனக்கு அன்றுதான் தெரியும். கேலியாகக் கேட்கவில்லை. நிஜமாகவே கேட்டாள், எனக்கு விடை தெரிந்திருக்கும் என்பதுபோல.

"என்னைத் திட்டுங்க" என்றேன். வேறு என்ன சொல்வது?   அவள் மைக்கைப் போட்டு அதே சன்னமான குரலில் அந்த பஸ்ஸை அறிவித்தாள். வெளியே நின்ற ஜனங்கள், என்ன சொன்னார்கள், என்ன சொன்னார்கள் என்று ஒருத்தரை ஒருத்தர் கேட்டுக்கொண்டார்கள்.

ஜெயித்துவிட்டு வருகிற மாதிரி வருவேன் என்று நினைத்திருந்தேன். அப்படி வரவில்லை. இருந்தாலும் நான் செய்தது தப்பு என்று யாரும் சொல்லிவிட வேண்டாம். என் வீட்டுக்காரர் பெயரை ஊர் நாறடிக்கும், நான் துணி மடித்துக்கொண்டிருப்பேனா?

வீட்டுக்கு வந்து அவரிடம் சொன்னேன். மறைக்கிற பழக்கம் எனக்கு இல்லை.

"சொல்லிட்டியா?"

"சொல்லிட்டேன்."

"வேணாம்னு அவ்வளவு சொல்லியும் சொல்லிட்டியா! உன் வாய்ல..." என்று ஆரம்பித்தவர், என் முகத்தைப் பார்த்து நிறுத்தினார். "அவ என்ன சொன்னா?"

சொன்னேன். அவள் கேட்டதை அப்படியே சொன்னேன். எந்தக் குரலில் கேட்டாள் என்பதையும் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் முட்டியைத் தேய்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு எழுந்து காலை இழுத்துக்கொண்டு போய்ப் போனை எடுத்து அக்காவைக் கூப்பிட்டார். ஏதோ ஆறுதல் சொல்லப் போகிறார் என்று நினைத்தேன். எனக்குக்கூட மனசு இளகியது.

"என்ன, உன் வீட்டு ஜன்னலுக்கு நான் போட்டுக் குடுத்த கண்ணாடியெல்லாம் ஒரே பெயிண்ட்டா இருக்காமே?" என்றார் எடுத்த எடுப்பில். "ஒரு பிரஷ்ஷ ஒழுங்காப் பிடிக்கத் தெரியாதா உன் வீட்டுக்காரனுக்கு? ஒண்ணுக்கும் லாயக்கில்லாத ஆள உன் தலையில கட்டி வெச்சாங்க, நீயும் பெருமையா வெச்சிக்கிட்டு இருக்க."

அந்தப் பக்கம் சத்தமே இல்லை. இவர் போனைக் காதோடு அழுத்திக்கொண்டு நின்றார். 

"கேக்குதா? அந்த ஆளுக்கு மூளையே கிடையாதுன்னு சொல்றேன். என்ன, வாய் அடைச்சிடுச்சா உனக்கு?"

பிறகு வந்தது. முதலில் கரகரவென்று ஏதோ, அப்புறம் ஒரு வார்த்தை, அப்புறம் நிற்காமல். "யாரைப் பாத்துடா சொல்ற? நொண்டிக் காலை வெச்சிக்கிட்டு உனக்கு எம் புருஷன் பேச்சா? உன்னை இடுப்புல சுமந்த நன்றி இருக்காடா நாயே?" நான் நின்ற இடம் வரை கேட்டது. அவர் போனைக் காதிலிருந்து ஒரு சாண் தள்ளிப் பிடித்துக்கொண்டு, மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்து, வலது காலை நீட்டிக்கொண்டார்.

"ம், சொல்லு" என்றார். "அப்புறம்?"